தலையில்லாத குதிரை

கற்பிட்டிப் பொலிஸில் அந்தப் பிஸ்டலைப் பழைய பேப்பரில் வைத்திருந்தார்கள், பொரித்த மீனை வைப்பதைப் போல. களப்புச் சேற்றில் புதைந்த வள்ளத்திலிருந்து எடுத்ததாம். கூடவே எலும்புகளும் கிடந்தனவாம். பிஸ்டல் என் கணவர் மக்பூலுடையது என்றால் எலும்பும் அவருடையது. சண்டைக் காலத்தில் சிலாவத்துறைப் பக்கம் வள்ளத்தில் கருவாடு ஏற்றப் போனவர், சண்டை முடிந்தும் வரவில்லை. நான் மனைவியா விதவையா என்று சொல்ல ஒருவருக்கும் வாய் வரவில்லை. புருஷன் மவுத்தானால் வெள்ளை உடுத்து, அந்நிய ஆண் முகம் பார்க்காமல் நாலு மாதம் பத்து நாள் அறைக்குள் இத்தா இருக்கலாம். அந்த அழுகைகூட எனக்குக் கிடைக்கவில்லை.

அமெரிக்கப் பட்டாளத்துக்கென்று செய்த பிஸ்டல் அது. மாமனார் லைசன்சோடு வைத்திருந்து, இறால் பண்ணைக் காவலுக்கு மகனிடம் கொடுத்தார். கிறீஸ் பூசிப் பொலித்தீனில் சுற்றியிருந்ததால் பாதி தப்பியிருந்தது. எண் இருந்த பக்கத்தைத் துரு தின்றுவிட்டது.

பழைய துவக்குகளின் அசல் பார்க்கத் தெரிந்தவர் என்று சின்னத்துரையைக் கூப்பிட்டிருந்தார்கள். அவர் பூதக்கண்ணாடியை நகர்த்தி நகர்த்திப் பார்த்தார்.

“பாருங்கோ அம்மா, கம்பனி முத்திரை துள்ளுற குதிரை. இதில குதிரைக்குத் தலை இல்லை. கம்பனி அச்சு இப்பிடி அரைகுறையா விழாது. கள்ளப் பட்டறைச் சாமான். உங்கட அவர் வச்சிருந்தது அசல். இது வேற.”

“அல்ஹம்துலில்லாஹ்!” என்றான் தம்பி தாஹிர். “வாங்க ராத்தா, ஊட்ட போவம். மச்சான் எங்கயாவது ஹயாத்தா இரிப்பாரு.”

எனக்குச் சந்தோசமும் வரவில்லை, துக்கமும் வரவில்லை. உயிருள்ள உருவத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு எப்படித் தொழுவது என்று, ஒரு நோன்பு காலத்தில் மக்பூல் குசினி வாசலில் குந்தியிருந்து அந்தத் தலையை அரத்தால் தேய்த்தார். தலை போனால் உருவமில்லையாம். முழுக்க அழித்தால் பொலிஸ் களவுச் சாமான் என்று சொல்லிவிடும் என்று உடம்பை விட்டுவைத்தார். பெரிய கெட்டிக்காரர். நான் வாயை மூடிக்கொண்டு வீட்டுக்குப் போயிருந்தால் அவர் இன்னும் கொஞ்சக் காலம் உயிரோடு இருந்திருப்பார்.

“அசல்தான்,” என்றேன். “தலய அராவினது என்ட மாப்புள. எலும்பத் தாங்க.”

சின்னத்துரை மறுபடி குனிந்து பார்த்தார். பிறகு கண்ணாடியைக் கீழே வைத்தார்.

“ஓம். அரம் பிடிச்ச கோடு கிடக்குது,” என்றார்.

எலும்புகளைத் தந்தார்கள். மையவாடியில் அடக்கிவிட்டுத் தாஹிர் வந்தபோது நான் வெள்ளை உடுத்து அறைக்குள் இருந்தேன். அவன் வாசலிலேயே நின்றான்.

“வெள்ளய மாத்துங்க ராத்தா. மவுத்தான நாள்லேந்துதான் இத்தா கணக்காம். அது எப்பவோ முடிஞ்சி போயிருச்சாம். மௌலவி சொல்றாரு.”

நான் தேங்காய் திருவிக்கொண்டோ, யார் வீட்டுக் கல்யாணத்திலோ சிரித்துக்கொண்டோ இருந்தபோது என் இத்தா முடிந்து போயிருந்தது. கோபம் வந்தது. அதுவும் நிலைக்கவில்லை.

காலையில் மீன்காரர் வேலிக்கு வெளியே ஹோர்ன் அடித்தார். “சூடை இரிக்கி, வாங்க!” வெள்ளை உடுப்போடு கட்டிலில் இருந்தேன். ஜன்னலைச் சாத்தியிருந்ததால் சத்தம் மட்டும் கேட்டது. திரும்பவும் கூப்பிட்டார். பிறகு வேலியில் பையைக் கொழுவும் சரசரப்பும், சைக்கிள் போகும் சத்தமும் கேட்டன. காகங்கள் வந்து பையைக் கிழிக்கத் தொடங்கின. நான் எழும்பவில்லை.