அன்னத்தாயின் பெருவிரல்

சுருளிப்பட்டி அன்னத்தாயின் கைரேகை அழிந்துபோன அதே ஆவணி மாதத்தில், அவளுடைய திராட்சைத் தோட்டத்துக்கு வந்துபோகும் மந்தி ஒன்றின் பெருவிரலில் அது ஏறிக்கொண்டது. வருடக்கணக்காக மயில்துத்தத்தையும் சுண்ணாம்பையும் வெறுங்கையால் கலக்கிக் கொடிக்கு மருந்தடித்தால் ரேகை எங்கே தங்கும்? ரேஷன் கடை மிஷின் அவளை ஆளே இல்லை என்று திருப்பியனுப்பிக்கொண்டிருந்தது. ஐப்பசியில் ஒருநாள், அரிசிப் பையை மோந்து பார்க்கக் கூடவே வந்த மந்தி மிஷினில் கை வைத்ததும் பச்சை விளக்கு எரிந்து அன்னத்தாய் பெயரில் சீட்டு வந்தது. கடைக்காரர் அரிசியை எடை போட்டுக் கொடுத்துவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார். அதன்பிறகு மாதாமாதம் இருவரும் சேர்ந்தே போனார்கள். மந்திக்குக் கூலி ஒரு கொத்துப் பன்னீர் திராட்சை.

ஒற்றை மகள் மகாலட்சுமியைப் பழனிசெட்டிபட்டியில் கட்டிக்கொடுத்திருந்தது. தகப்பன் இல்லாத பிள்ளை என்று தரையில் விடாமல் வளர்த்த மகள். மருமகனுக்குத் தோட்டத்தின்மேல் ஒரு கண். தை மாதம் வந்தவள், மந்தியைப் பத்து நாள் வைத்திருந்து அனுப்புகிறேன் என்றாள். பிள்ளை ஆசைப்படுகிறாளே என்று அன்னத்தாய் தன் சுங்குடிச் சேலையையே அதற்குச் சுற்றி பஸ் ஏற்றிவிட்டாள். மகள் நேரே பத்திர ஆபீசுக்குப் போனாள். மந்தி பெருவிரலை வைத்தது, போட்டோவுக்கு ஆடாமல் உட்கார்ந்தது, தோட்டம் மகள் பெயருக்கு மாறியது. நம்ப வைத்துக் கழுத்தறுப்பது என்றால் இதுதான்.

அன்னத்தாய் மனுப் போட்டாள். விசாரணைக்கு வந்த கால்நடை டாக்டர் ஜோயல், மந்திக்கும் நம்மைப் போல ரேகை, தட்டை நகம், மற்ற விரல்களைத் தொடும் பெருவிரல் எல்லாம் உண்டென்றும், மரபணுவில் நூற்றுக்குத் தொண்ணூற்று மூன்று பங்கு ஒன்றுதான் என்றும் சொல்லி முடித்தார். மீதி ஏழு பங்கைப் பற்றி யாரும் கேட்கவில்லை. மிஷின் மறுபடியும் மந்தியைத்தான் ஏற்றுக்கொண்டது. விசாரித்த பத்திர ஆபீஸ் அதிகாரி அலுத்துப்போய் மகளிடமே கேட்டார்.

"நீயே சொல்லும்மா. இதுல யாரு உங்கம்மா?"

மகாலட்சுமி தாயை ஒருதரம் ஏறிட்டுப் பார்த்தாள். "எங்க ஆத்தா இந்தா இருக்காக" என்று மந்தியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அடியே, ஒன்னயப் பெத்த வயித்துக்கு நீ செய்யிறதா இது?" என்றாள் அன்னத்தாய். அதை யாரும் எழுதிக்கொள்ளவில்லை.

மந்திக்கு இப்போது மகள் வீட்டு மாடியில் தனி அறை, ஃபேன். வேறு தொழில் தெரியாத அன்னத்தாய் அதே தோட்டத்தில் கூலிக்குப் பழம் வெட்டுகிறாள். போன சனிக்கிழமை கூலி கொடுக்க வந்த மகாலட்சுமியிடம், எல்லோரும் கேட்பதைப் போல அவளும் கேட்டாள்.

"ஒங்க ஆத்தா சொகமா இருக்காகளா, தாயி?"

"நல்லா இருக்காக" என்றாள் மகள்.