மூன்று தடவை தூ

"அந்த அம்மாவைத் தூக்கிடு, டெவோரா" என்று விட்மன் சொன்னபோது, வாயில் இருந்த பேகல் ரொட்டியை விழுங்கவும் முடியாமல் துப்பவும் முடியாமல் உட்கார்ந்திருந்தேன். விட்மன் சேனல் ஆள்; நான் எழுதும் நகைச்சுவைத் தொடரில் வரும் அம்மா பாத்திரத்தைத்தான் சொன்னான். பல் வெள்ளை, சட்டை அதைவிட வெள்ளை.

"எதைக் கேட்டாலும் திருப்பிக் கேள்வியே கேக்குறாங்க. கேன்சஸ் பட்டிக்காட்டுல யாருக்குப் புரியும்? ரொம்ப நியூயார்க்கா இருக்கு."

'நியூயார்க்' என்றால் 'யூதர்' என்று அர்த்தம். எங்கள் தொழிலில் அந்த வார்த்தையை யாரும் நேராகச் சொல்ல மாட்டார்கள். அவன் பேச்சைக் கேட்டு ஏற்கெனவே தொடரின் பெர்கோவிட்ஸ் குடும்பத்தை யூதப் பெயரே தெரியாத பார்க்கர் குடும்பமாக்கி, வரவேற்பறையில் வெள்ளைக்காரப் பண்ணைவீட்டு வாத்துப் படமும் மாட்டியாகிவிட்டது. கண் படாமல் இருக்க அந்த அம்மா மூன்று தடவை துப்புவதையும் அடித்துவிட்டான். "சாப்பிடுற நேரத்துல ஜனங்க டிவி பாக்குறாங்கம்மா."

செவ்வாய்க்கிழமை, இருநூறு பேர் முன்னால் படப்பிடிப்பு. அம்மா வரும் காட்சியில் நல்ல சிரிப்பு ஒன்று விழாவிட்டால் அந்தப் பாத்திரம் காலி. அவளை எழுதத்தான் என்னை வேலைக்கு வைத்திருந்தார்கள். அவள் போனால் நானும் மூட்டை கட்ட வேண்டியதுதான்.

அந்தப் பாத்திரம் என் சொந்த அம்மா ஃப்ரூமாதான். வார்த்தைக்கு வார்த்தை திருடியிருந்தேன். அவளோ முதல் வரிசையில் வந்து உட்கார்ந்திருந்தாள், மடியில் எனக்கென்று ஒரு கம்பளி ஸ்வெட்டரோடு. லாஸ் ஏஞ்சல்ஸில், ஆகஸ்ட் வெயிலில்!

காட்சி தொடங்கியது. மகனாக நடிப்பவன், "டாக்டர் சொல்லிட்டாரும்மா, ஒரு குறையும் இல்லையாம். நீ நூறு வயசு இருப்பே!" என்றான்.

"ரொம்ப நன்றி, கண்ணு" என்றாள் நடிகை.

ஒருத்தர் இருமினார். அவ்வளவுதான்.

அப்போது முதல் வரிசையிலிருந்து கணீரென்று என் அம்மாவின் குரல் வந்தது. "தூ! தூ! தூ! நூறுதானா? மிச்ச இருபதை யாருக்குடா எடுத்து வெச்சிருக்கே?"

எங்கள் யூத ஆட்கள் வாழ்த்தினால் நூற்றிருபது வயதுதான். ஒரு வருஷம் குறைத்தாலும் அது சாபம்.

"இவ என்னடான்னா நன்றிங்கிறா! இவளெல்லாம் ஒரு தாயா?"

அரங்கம் இடிந்து விழுகிற மாதிரி சிரித்தது. நடிகை கெட்டிக்காரி. மகன் பக்கம் திரும்பி, "பக்கத்து வீட்டுக்காரிக்கே தெரியுது, உனக்குத் தெரியலையே" என்று சொல்லி மூன்று தடவை துப்பினாள். ஜனங்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள். நான் அழுதுகொண்டே சிரித்தேன்.

முடிந்ததும் விட்மன் நேராக என் அம்மாவிடம் வந்தான். தொலைந்தேன் என்று நினைத்தேன்.

"நீங்க வாராவாரம் வரணும்" என்றான்.

"வாராவாரமா? எனக்கு வேற வேலை இல்லையா?" என்றவள், "எத்தனை மணிக்கு?" என்று கேட்டாள்.

விட்மன் என்னைப் பார்த்தான். "அந்த அம்மா இருக்கட்டும், டெவோரா. இந்தத் தொடர் பத்து வருஷம் ஓடும்." சொன்ன கையோடு முகத்தைத் திருப்பிக்கொண்டு, உதட்டுக்குள்ளேயே தூ, தூ, தூ.

என் அம்மாவின் காதுக்கா தப்பும்?

"தம்பி, உங்க அம்மா எந்த ஊரு?"

"ஒஹையோ."

"அதுக்கு முன்னாடி?"

அவன் தன் பளபளப்பான ஷூவைப் பார்த்தான். "மின்ஸ்க்" என்றான், மெதுவாக. எங்கள் யூத ஜனங்கள் கூட்டமாய் வாழ்ந்த ரஷ்யப் பக்கத்து ஊர்.

"ஏன், அதைச் சத்தமாச் சொன்னா வாத்து பறந்துடுமா?" என்றபடி அம்மா அவன் கையில் ஸ்வெட்டரைத் திணித்தாள். "போட்டுக்கோ. இங்க ஏசி குளுருது."

போட்டுக்கொண்டான். கழுத்துப் பொத்தான் வரை.