காதுக்குள் சொன்ன வரி

மெக்சிகோ நகரத்துத் தொடர்நாடக நடிகர்களில் பலர் வசனத்தை மனப்பாடம் செய்யச் சிரமப்படுவதில்லை. காதுக்குள் கடுகளவு கருவி இருக்கும். கண்ணாடி அறையில் உட்கார்ந்து ஒருவர் வரி வரியாகச் சொல்லுவார். இவர்கள் அதைத் திருப்பிச் சொல்லி ஊரையே அழவைத்துவிடுவார்கள். எவரிஸ்தோவுக்கு இருபத்தாறு வருஷமாக அந்த வேலைதான். சொல்கிறவர் உணர்ச்சி காட்டக் கூடாது, அது நடிகன் பாடு. மருந்துச் சீட்டைப் படிப்பது போல, "நீயில்லாமல் நான் இல்லை" என்பார் மனிதர்.

வீட்டில் அதுவும் கிடையாது. மார்ச் மாதம் மனைவி ஒதிலியா பெட்டியைத் தூக்கிவிட்டாள்.

"ஊர்ல இருக்கிறவளுக்கெல்லாம் உன் வாயிலேர்ந்து காதல் கொட்டுது. எனக்கு மட்டும் 'சாப்பாடு ஆச்சா'தானா?"

புவேப்லா நகரத்தில் தங்கை வீட்டில் இருக்கிறாள். அங்கே போயும் நாடகத்தை மட்டும் ஒருநாள் விடவில்லை. அதை நம்பித்தான் எவரிஸ்தோ அந்தக் காரியத்தைச் செய்தார். அவள் திரும்பி வரவேண்டும், வேறொன்றும் வேண்டாம் அவருக்கு.

கதாநாயகன் லிசாந்த்ரோ காதலியிடம் தொலைபேசியில் பேசும் காட்சி. காகிதத்தில் இல்லாத வரி ஒன்றை அவன் காதில் நுழைத்தார்.

"கைப்பிடி உடைஞ்ச உன் மஞ்சள் கோப்பையில தினமும் காபி ஊத்தி வைக்கிறேன். ஆறினதும் கொட்டுறேன். ஊத்தாம இருக்க மனசு வரல."

லிசாந்த்ரோ உருகிச் சொன்னான். கத்தவேண்டிய இயக்குநரே கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அண்ணே, யாரு எழுதினது? கொன்னுடுச்சு!" என்றான் லிசாந்த்ரோ வெளியே வந்து.

"யாரோ," என்றார் எவரிஸ்தோ.

மூன்று வாரம் கழித்து அது ஒளிபரப்பானது. விளம்பரம் வந்ததும் வீட்டுத் தொலைபேசி அடித்தது.

"அது என் கோப்பை," என்றாள் ஒதிலியா. அழுதிருந்தாள்.

"ஆமா."

"நெசமாவே ஊத்தி வைக்கிறியா?"

"தினமும்."

"அப்ப நீ சொல்லு, எவரிஸ்தோ. உன் வாயால ஒரே ஒரு தடவை."

சொன்னார். ஒரு வார்த்தை பிசகவில்லை. ஆனால் வந்தது அந்தக் கண்ணாடி அறைக் குரல். அவர் காதுக்கே கேட்டது, பாவம், மாற்றத் தெரியவில்லை. நெஞ்சு வெடித்துக்கொண்டிருந்தது, குரல் மட்டும் மருந்துச் சீட்டைப் படித்தது. கடைசியில் பழக்க தோஷம், "இங்கே நிறுத்து, அழு," என்பதும் சேர்ந்து வந்துவிட்டது.



"அந்தப் பையன் சொன்னப்ப பரண்லேர்ந்து பெட்டியை இறக்கிட்டேன் தெரியுமா? எவ்வளவு நல்லா சொன்னான்!" என்றாள். அந்தப் பக்கம் நாடகப் பாட்டு கேட்டது. "சரி, ஆரம்பிச்சிருச்சு. வெச்சிடறேன்."

திரையில் லிசாந்த்ரோ கதவைத் திறந்தான். காதலி பெட்டியோடு வாசலில் நின்றாள், "வந்துட்டேன்" என்றாள். அந்த வரியை அவளுக்குச் சொல்லிக் கொடுத்ததும் எவரிஸ்தோதான்.