டன்க்ளியின் சொந்தக் குரல்

1968இல் மேற்கு பெர்லினில் எஞ்சினியரிங் படித்துக்கொண்டே ஒரு டப்பிங் ஸ்டுடியோவில் டேப் ஓட்டும் வேலை பார்த்தேன். ஆர்தர் டன்க்ளி அங்கேதான் பழக்கம். லண்டனில் வாய்ப்புக் கிடைக்காமல் இங்கே வந்து ஒட்டிக்கொண்ட ஆங்கிலேயத் துணை நடிகர். லண்டனில் நடப்பதாக ஜெர்மன்காரர்கள் எடுத்த கொலைப் படங்களில் பட்லராக, டாக்டராக, இன்ஸ்பெக்டராக வருவார். ஒன்பது வருடத்தில் இருபத்தாறு படம். பெரும்பாலும் பாதிப் படம் தாண்டுவதற்குள் செத்துவிடுவார்.

ஒன்றில்கூட அவர் குரல் கிடையாது. படப்பிடிப்பில் அவர் இங்கிலீஷில் பேசுவார். பிறகு லெங்கர் என்ற ஜெர்மன் நடிகர் அவருக்காக டப்பிங் பேசுவார். கனத்த, கரகரத்த குரல். அந்த லெங்கர் திடீரென்று மாரடைப்பில் போய்விட்டார்.

துக்கம் விசாரித்த கையோடு டன்க்ளி தயாரிப்பாளரைப் பிடித்துக்கொண்டார். அடுத்த படத்துக்குத் தானே பேசுகிறேன் என்றார். ஆறு மாதம் ஜெர்மன் உச்சரிப்புப் பழகினார். மனிதர் ஓரிடத்தில் உட்காரமாட்டார். வசனத்தை முணுமுணுத்தபடி வராந்தாவை அளந்துகொண்டிருப்பார். ஐம்பத்தெட்டு வயதில் இவ்வளவு தவிப்பா என்று எனக்கு எரிச்சல்கூட வந்தது.

ஒருவழியாகப் பேசினார். மெல்லிய, சற்றே தயங்குகிற குரல். திரையிலிருந்த இன்ஸ்பெக்டர் அன்றைக்குத்தான் எனக்கு ஒரு மனிதராகத் தெரிந்தார். நன்றாக இருந்தது, சத்தியமாக நன்றாக இருந்தது.

படத்தை வாங்க வந்த விநியோகஸ்தர் முகம் சுளித்தார். உச்சரிப்பில் குறை இல்லையாம். ஆனால் இது டன்க்ளியின் குரல் இல்லையாம், டன்க்ளியின் குரல் ஜனங்களுக்கு நன்றாகத் தெரியுமாம். டேப் ஓட்டுகிறவனிடம் யார் அபிப்பிராயம் கேட்டார்கள்?

வேறு ஆளைப் போடலாம் என்று பேச்சு வந்ததும் டன்க்ளி பதறிப்போய் இரண்டு நாள் அவகாசம் கேட்டார். பழைய படங்களில் லெங்கர் பேசியதை என்னைப் போடச்சொல்லித் திரும்பத் திரும்பக் கேட்டார். மூன்றாம் நாள் அடித்தொண்டையில் கரகரப்பை வரவழைத்துக்கொண்டு பேசினார். விநியோகஸ்தர் கைதட்டினார். இதுதான் அசல் டன்க்ளி என்றார்.

எல்லோரும் போனபிறகு டன்க்ளி என் மேஜைக்கு வந்தார். கோட்டுப் பொத்தானைப் போடுவதும் கழற்றுவதுமாகக் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு தன் வழக்கமான மெல்லிய குரலில் கேட்க முயன்றார். இரண்டு நாள் அந்தக் கரகரப்பைப் பழகியதில் தொண்டை இடம் கொடுக்கவில்லை.

“உமாபதி, நான் முதல்ல பேசினது இருக்கே, அதை ஒரு தடவை போடுங்க. கேட்டுட்டுப் போயிடறேன்.”

வேண்டாம் என்று தள்ளிய டேப்பின் மேலேயே அடுத்ததைப் பதிவு செய்வது எங்கள் ஸ்டுடியோ வழக்கம். நானும் யோசிக்காமல் அதைத்தான் செய்திருந்தேன். என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருந்தது.

“ஸாரி சார். அதுமேலதான் இதை ரெக்கார்ட் பண்ணிட்டேன்.”

அவர் கோட்டுப் பொத்தான்களை மாட்டிக்கொண்டார். அப்புறம் பரவாயில்லை என்றார். அதை லெங்கரின் குரலில்தான் சொன்னார். அவருக்கே அது தெரியவில்லை.