வானத்தில் இல்லாத ஏணி

சிறுவர் கலைக்களஞ்சியம் ஒன்றின் வானியல் தொகுதிக்கு நான் துணை ஆசிரியராக இருந்தேன். நட்சத்திரக் கூட்டங்களைப் பற்றிய பகுதி முழுவதையும் ஓய்வு பெற்ற பேராசிரியர் ஒருவர் எழுதிக்கொடுத்தார். அவர் கையால் எழுதுவார். மனைவி டைப் செய்து அனுப்புவார். கூட்டத்துக்கு ஒரு தாள் வீதம் எண்பத்தெட்டு வர வேண்டும். வந்த தாள்கட்டில் எண்பத்தொன்பது இருந்தன.

ஏதோ ஒன்று இரண்டு தடவை வந்துவிட்டது என்று நினைத்துப் புரட்டினேன். அப்படி இல்லை. ‘ஏணி’ என்று ஒரு தாள் இருந்தது.

மற்ற தாள்களைவிட அது நன்றாக இருந்ததுதான் சங்கடம். ஒன்பது நட்சத்திரங்கள், அவற்றின் தூரம், நிறம், எந்த மாதத்தில் எந்தத் திசையில் தெரியும் என்பதெல்லாம் ஒழுங்காக இருந்தன. அடுத்து புராணக் கதை. கூரை வேய்கிறவன் ஒருவன் வானத்தின் ஓட்டையை அடைக்க ஏணியில் ஏறினான். மேலே போனதும் எதற்கு வந்தோம் என்பது மறந்துவிட்டது. சும்மா இறங்க வெட்கம். கையை எடுத்தால் ஏணி சரிந்துவிடும் என்று அவன் மனைவி கீழே இன்னும் பிடித்துக்கொண்டிருக்கிறாள். கடைசியில் வழக்கங்கள்: ஏணி தெரியாத மாதங்களில் கொத்தனார்கள் கூரை வேலை தொடங்க மாட்டார்கள், கணவனோடு சண்டை போடும் பெண்கள் ‘பிடியை விட்டுடுவேன்’ என்று மிரட்டுவார்கள்.

பாதி நம்பிவிட்டேன். அலுவலகத்தில் இருந்த மூன்று வான வரைபடங்களிலும் தேடினேன். இல்லை. பேராசிரியரே தன் முன்னுரையில் எழுதியிருந்தார்: எண்பத்தெட்டுக் கூட்டங்களும் வானத்தைத் துளி இடம் விடாமல் பங்கு போட்டுக்கொண்டாயிற்று, புதிதாக வருகிறவர்களுக்கு நிற்கக்கூட இடமில்லை என்று.

அவர் வேடிக்கைப் பேர்வழி. மனைவியை ‘ஹெட் கிளார்க்’ என்றுதான் கூப்பிடுவார். என்னைச் சோதித்துப் பார்க்கிறார் என்று நினைத்துப் போன் செய்தேன். மனைவிதான் எடுத்தார். விஷயத்தைச் சொன்னேன். வியாழக்கிழமை காலையில் அவர் முடிவெட்டப் போவார், அப்போது நேரில் வாருங்கள் என்றார்.

வீடு இரண்டாம் மாடியில். சாப்பாட்டு மேசையில் பாதி காகிதம், பாதியில்தான் சாப்பாடு. அந்த அம்மா எனக்குத் தேநீர் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்து, தானாகவே சொல்லத் தொடங்கினார். ஒரே கட்டுரையைப் பேராசிரியர் மூன்று முறை எழுதிக் கொடுத்தாராம். இரண்டை இவர் கிழித்துப் போட்டாராம். போன மாதம் பழைய கல்லூரிக்குப் போய், யாருடைய வகுப்பிலோ நின்று பாடம் எடுத்தாராம். பையன்கள் மரியாதையாகக் கேட்டுவிட்டு வீடு வரை கொண்டுவந்து விட்டார்களாம். வெளியூரில் இருக்கும் மகளுக்குக்கூட இன்னும் சொல்லவில்லை.

“டைப் பண்ணும்போதே தெரியும்மா,” என்றார். “முப்பது வருஷமா அவர் எழுத்தைத்தானே டைப் பண்றேன். நீங்க பாத்துட்டு எடுத்துடுவீங்கன்னு நினைச்சேன். அவர்கிட்ட சொல்ல எனக்கு வாய் வரல.”

அதற்குள் வாசல் கதவு திறந்தது. முடிவெட்டும் கடை மூடியிருந்ததாம். என்னைப் பார்த்ததும் பேராசிரியருக்கு ஒரே சந்தோஷம். மேசை மேல் நான் வைத்திருந்த ஏணித் தாளைக் கண்டதும் இன்னும் சந்தோஷம். ஏணியை எத்தனை பேர் கவனிக்காமலே விட்டுவிட்டார்கள் தெரியுமா என்று உட்காராமலே பேச ஆரம்பித்தார். நான் தேநீர்க் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பேச்சு நடுவில் அவர் மனைவியின் முகத்தைப் பார்த்தார்.

பேச்சை நிறுத்திவிட்டு உள்ளே போய்ப் பெரிய வான வரைபடத்தை எடுத்து வந்து மேசை மேல் விரித்தார். ஏணி இருக்க வேண்டிய இடத்தில் விரலை வைத்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் வைத்தார். விரல் நகரவே இல்லை.

“உனக்குத் தெரியுமா?” என்று மனைவியிடம் கேட்டார்.

“தெரியும்.”

“டைப் பண்ணும்போதேவா?”

“ம்.”

“ஏன் சொல்லல?”

“ரொம்ப நாள் கழிச்சு அன்னிக்குத்தான் சந்தோஷமா இருந்தீங்க.”

அவர் நாற்காலியில் உட்கார்ந்து ஒரு வெள்ளைத் தாள் கேட்டார். தலைமை ஆசிரியருக்கு எழுதினார்: என் நினைவு சரியில்லை; நான் எழுதிய அத்தனையையும் தகுந்த ஒருவரைக் கொண்டு சரிபார்க்கவும்; என் பெயரை எடுத்துவிடவும். கையெழுத்தில் நடுக்கம் இல்லை. தேதி மட்டும் மனைவியைக் கேட்டுப் போட்டார். என்னிடம் கொடுக்கும்போது, “உனக்குத்தான் வீண் அலைச்சல்,” என்றார்.

வேறொரு ஆசிரியர் இரண்டு மாதம் உட்கார்ந்து சரிபார்த்தார். எண்பத்தெட்டில் தவறு என்று எதுவுமே கிடைக்கவில்லை. பெயரை எடுக்கக்கூடாது என்று நான் எவ்வளவோ சொன்னேன். அவரே எழுதிக் கொடுத்துவிட்டாரே என்றார்கள். எடுத்துவிட்டார்கள்.

புத்தகம் அச்சாகி வர ஒன்றரை வருடம் ஆயிற்று. நானே கொண்டுபோனேன். அந்த அம்மா பேராசிரியருக்குச் சட்டைப் பித்தான் போட்டுக்கொண்டிருந்தார். அவர் புத்தகத்தைப் புரட்டிப் படங்கள் நன்றாக இருப்பதாகச் சொன்னார். என்னைப் பழைய மாணவி என்று நினைத்து, பரீட்சை எப்படி எழுதினாய் என்று கேட்டார். நன்றாக எழுதினேன் என்றேன்.

கிளம்பும்போது அம்மா பேருந்து நிறுத்தம் வரை கூட வந்தார். மகள் அடுத்த மாதம் வந்து இருவரையும் தன்னோடு கூட்டிப்போகிறாளாம். நிறுத்தத்தில் நின்றபோது, அந்த வியாழக்கிழமை நான் போன பிறகு நடந்ததைச் சொன்னார். பேராசிரியர் இவரைத் திட்டித் தீர்த்துவிட்டாராம். ஊர் சிரிக்க வைத்துவிட்டாயே, நீயும் சேர்ந்துகொண்டாயே என்று. கல்யாணம் ஆனதிலிருந்து அப்படி ஒரு சொல் அவர் வாயில் வந்ததில்லையாம். அதோடு மூன்று நாள் பேசவில்லை.

“அப்புறம் சமாதானமாயிட்டீங்களாம்மா?” என்று கேட்டேன்.

“எங்க? நாலாம் நாள் காலையில எழுந்து, ஹெட் கிளார்க், டீ எங்கன்னு கேட்டார். சண்டை போட்டதே ஞாபகம் இல்ல.” முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “மன்னிச்சுட்டேன்னு அவர் சொல்லவே இல்லம்மா. இனிமே யார்கிட்ட போய்க் கேக்கறது?”

என் பேருந்து வந்தது. நான் ஏறவில்லை. அடுத்தது வரும்வரை அவரோடு நின்றுகொண்டிருந்தேன்.