ஆண்டனிக்கு ஒரு கடை

பிரேசர் டவுனில் அல்போன்சாவின் வீட்டுக்குக் கீழே இருந்த ஒற்றைக் கடையில் செண்பகம் பல வருடங்களாக பியூட்டி பார்லர் நடத்தி வந்தாள். இரண்டு நாற்காலி, சுவர் நிறையக் கண்ணாடி, திரைக்குப் பின்னால் ஒரு ஒடுக்கமான கட்டில். அவ்வளவுதான் இடம். ஆனால் ரம்ஜானுக்கு முன்னும் கிறிஸ்துமஸுக்கு முன்னும் பெண்கள் படிக்கட்டு வரை வரிசையில் நிற்பார்கள். கோலார் தங்கவயலில் சுரங்கம் மூடிய காலத்தில், தினம் விடியற்காலை ரயிலேறி வந்து தொழில் கற்றவள் அவள். காலூன்றி நின்றது இந்தக் கடையில்தான்.

வீட்டுக்காரி அல்போன்சா விதவை. வீட்டிலேயே கேக்கும் ரோஸ் குக்கியும் செய்து ஆர்டருக்குக் கொடுப்பாள். ஒரே மகன் ஆண்டனி கப்பல் சமையலறையில் வேலை பார்த்தவன். ஒரு வருடம் வேலையைப் பாதியிலேயே விட்டுவிட்டுத் திரும்பி வந்தான். யாரோ தன்னைத் திட்டுவதாகச் சொல்லிக் காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தான். சொந்தக்காரர்களைக் கூப்பிட அல்போன்சாவுக்குக் கூச்சம். கீழே இறங்கி வந்து செண்பகத்தைத்தான் கூப்பிட்டாள். நிம்ஹான்ஸ் மனநல ஆஸ்பத்திரிக்குப் போன அந்த ஆட்டோவில் ஆண்டனியின் கையை வழி முழுக்கப் பிடித்துக்கொண்டு போனவள் செண்பகம்.

"வெளிய யாருக்கும் தெரிய வேணாம் மா" என்றாள் அல்போன்சா.

"நான் ஏன் ஆன்ட்டி சொல்லப்போறேன்" என்றாள் செண்பகம். ஒருவரிடமும் சொல்லவும் இல்லை.

மாத்திரையில் அவன் கொஞ்சம் கொஞ்சமாகத் தேறினான். அம்மாவோடு நின்று மாவு பிசைந்தான், முட்டை அடித்தான். அதன் பிறகு ஒரு நாள், கடையில் ஆளில்லாத மதிய நேரத்தில், அல்போன்சா வந்து நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"தப்பா நெனச்சுக்காத செண்பகம். கடை எனக்கு வேணும். நானும் ஆண்டனியும் கேக் கடை போடலாம்னு இருக்கோம்."

"திடீர்னு சொன்னா நான் எங்க ஆன்ட்டி போவேன்? இந்த ஏரியாவுல இப்ப கேக்கற அட்வான்ஸுக்கு என்னால முடியுமா?"

"டைம் எடுத்துக்கோ. ஆனா காலி பண்ணிரு."

செண்பகம் தேடினாள். ரிச்சர்ட்ஸ் டவுன் வரை நடந்து பார்த்தாள். கைக்கு எட்டுகிற மாதிரி எதுவும் அமையவில்லை. மாதங்கள் ஓடின. மாடிக்கும் கீழுக்கும் பேச்சு குறைந்தது. கடைசியில் ஒரு நாள் கோர்ட் நோட்டீஸ் வந்தது. அதைப் பார்த்ததும் அவளுக்கு வந்தது பயமில்லை, கோபம். இத்தனை பழகிவிட்டு இப்படியா என்று தோன்றியது. கணவன் ஆதிகேசவன் தனக்குத் தெரிந்த வக்கீல் ஸ்ரீகண்டனிடம் அழைத்துப் போனான்.

"சொந்த வியாபாரத்துக்குத் தேவைன்னு கேட்டிருக்காங்க" என்றார் ஸ்ரீகண்டன். "அந்தத் தேவை நிஜமில்லேன்னு நாம காட்டணும். அந்தப் பையன் கடை நடத்தற ஆளா?"

ஆதிகேசவன் செண்பகத்தைத் திரும்பிப் பார்த்தான்.

"அவனுக்கு உடம்பு சரியில்ல சார்" என்றாள் செண்பகம்.

"என்ன உடம்பு?"

"மனசுதான். நிம்ஹான்ஸ்ல மாத்திரை எடுத்துக்கறான்."

வக்கீல் நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகத்தைப் பார்த்ததுமே செண்பகம் முந்திக்கொண்டாள். "இதைக் கோர்ட்ல சொல்ல மாட்டீங்களே?" என்று கேட்டாள்.

"தேவைப்பட்டாத்தான் மேடம்."

வேண்டாம் என்று அங்கேயே சொல்லியிருக்கலாம். அவள் சொல்லவில்லை.

விசாரணை நாளில் அல்போன்சா சர்ச்சுக்குக் கட்டுகிற வெள்ளைப் புடவையில் சாட்சிக் கூண்டில் ஏறினாள். கடைசி பெஞ்சில் இஸ்திரி போட்ட சட்டையோடு ஆண்டனி இருந்தான். அவனையும் கூட்டி வருவாள் என்று செண்பகம் எதிர்பார்க்கவில்லை. வக்கீலிடம் ஏதாவது சொல்லலாம் என்று பாதி எழுந்தாள். அதற்குள் ஸ்ரீகண்டன் கன்னடத்தில் ஆரம்பித்துவிட்டார். கேக் வியாபாரம் பற்றி, வருமானம் பற்றி, பிறகு மகனைப் பற்றி. கப்பல் வேலையை அவன் ஏன் விட்டான்? மனநோய்க்கு அவன் சிகிச்சை எடுப்பது உண்மையா, இல்லையா? அப்படிப்பட்டவன் எப்படிக் கடை நடத்துவான்?

அல்போன்சா வக்கீலைப் பார்க்கவில்லை. நேராகச் செண்பகத்தைப் பார்த்தாள். பிறகு நீதிபதி பக்கம் திரும்பினாள். கன்னடத்தில் தொடங்கிய பதில் நடுவிலேயே தமிழாகிவிட்டது.

"நிஜம்தான் ஸ்வாமி. அதனாலதான் கடை கேக்கறேன். ரெண்டு பேக்கரியில சேத்துவிட்டேன். கை நடுங்குதுன்னு அனுப்பிட்டாங்க. இவன யாரு வேலைக்கு வெப்பாங்க? என் பக்கத்துல நின்னா நல்லா செய்யறான். நான் இருக்கறப்பவே அவன் ஒரு எடத்துல ஒக்காரணும்."

நீதிபதிக்குத் தமிழ் புரிந்தது. ஸ்ரீகண்டன் ஃபைலை மூடிவிட்டு உட்கார்ந்தார்.

வெளியே வராந்தாவில் ஆண்டனி செண்பகத்தின் முன்னால் வந்து நின்றான். அவன் குரலில் கோபமே இல்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்பது போலத்தான் கேட்டான்.

"அக்கா, நீங்களா சொன்னீங்க?"

அவள் வாயைத் திறப்பதற்குள் அல்போன்சா வந்து அவனைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள்.

தீர்ப்பு அல்போன்சா பக்கம் வந்தது. காலி செய்ய அவகாசமும் கொடுத்தார்கள். செண்பகம் மேல்முறையீடு வேண்டாம் என்றுவிட்டாள். சாமான்களை வண்டியில் ஏற்றிய பிறகு சாவியோடு மாடிப்படி ஏறினாள். அல்போன்சா கதவைப் பாதி திறந்து கையை மட்டும் நீட்டினாள்.

"ஆன்ட்டி, வக்கீல்தான் அப்பிடி..."

"வக்கீலுக்கு யாரு சொன்னாங்க செண்பகம்?"

கதவு சாத்திக்கொண்டது.

சந்தாபுராவில் வாடகை மலிவாகக் கிடைத்த ஒரு கடையில் செண்பகம் மறுபடி போர்டு மாட்டினாள். பழைய ஆட்கள் அவ்வளவு தூரம் வரவில்லை. கல்யாண அலங்காரம் என்று யாராவது கூப்பிட்டால் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறுவாள். டிசம்பரில் அப்படி ஒரு வேலை பிரேசர் டவுனில் வந்தது. முடித்துவிட்டு, வேண்டாம் என்று நினைத்தபடியே அந்தத் தெருவுக்குள் நடந்தாள்.

கடை திறந்திருந்தது. கண்ணாடிப் பெட்டிக்குள் பிளம் கேக் அடுக்கியிருந்தது. உள்ளே அல்போன்சா மட்டும் தனியாக நின்று பொட்டலம் கட்டிக்கொண்டிருந்தாள். இளைத்திருந்தாள்.

"ஆண்டனி எங்க ஆன்ட்டி?"

அல்போன்சா நிமிர்ந்தாள். அடையாளம் தெரிந்தும் முகத்தில் ஒன்றும் அசையவில்லை.

"மேல இருக்கான். கோர்ட்டுக்குப் போன அன்னிலேருந்து கீழ எறங்க மாட்டேங்கறான். தெருவுக்கே தெரிஞ்சிருச்சுங்கறான்."

சொல்லிவிட்டு நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். செண்பகம் மன்னிப்புக் கேட்க நினைத்தாள். அதைக் கேட்க வேண்டியது இந்த அம்மாவிடம் இல்லை. யாரிடம் கேட்க வேண்டுமோ அவன் மாடியில் இருந்தான், அங்கே போக அவளுக்கு இனி வழியில்லை.

"ஒனக்கு என்ன வேணும்?" என்றாள் அல்போன்சா.

பின்னால் இரண்டு பெண்கள் வந்து நின்றார்கள். செண்பகம் ஒதுங்கி அவர்களுக்கு இடம் விட்டாள். பிறகு பெட்டியைக் கை மாற்றிக்கொண்டு பஸ் ஸ்டாப்பைப் பார்த்து நடந்தாள்.