ஏழு கேப்டன்களில் இளையவர்

லார்ட் எவரார்ட் கேப்டன் ஆனபோது அவருக்கு வயது இருபத்திரண்டு. அவருடைய அப்பா ஒரு டியூக். கடற்படைத் தலைமையகத்தில் அந்தப் பெரியவர் இருமினால் போதும், நாலு பேர் ஓடி வருவார்கள். தலை நரைத்த லெப்டினன்ட்கள் காத்துக் கிடக்க, என் எஜமான் அவர்களைத் தாண்டிப் போனார். ஆனாலும் அவர் கோழை இல்லை, அதைச் சொல்லியாக வேண்டும். ஒரு சண்டையில் பிரெஞ்சுக் கப்பலுக்குள் முதலில் குதித்தவர் அவர்தான். தொடையில் ஈட்டி பாய்ந்து விழுந்தவரை முதுகில் சுமந்து வந்தவன் ஜேபஸ் ட்ரூவின். எஜமானின் படகைச் செலுத்துபவர்களுக்கு அவன்தான் தலைவன். நான் பிரிங். அவருடைய சாப்பாடு, சட்டை, கோபம் எல்லாம் என் பொறுப்பு.

எங்களுக்குப் புதுக் கப்பல் கிடைத்தபோது ஜேபஸ் காய்ச்சலில் கிடந்தான். தேறியதும் அவனை வேறு கப்பலில் ஏற்றிவிட்டார்கள். அங்கே க்ரோக்கர் என்றொரு லெப்டினன்ட், நாக்கில் விஷம். போர்ட்ஸ்மவுத் துறைமுகப் படித்துறையில் ஒருநாள் சாராயக் கடையிலிருந்து வெளியே வந்தவன் ஜேபஸைப் பார்த்து, "என்னடா, அந்த டியூக் வீட்டு நாய்க்குட்டிக்கு இப்ப யாரு பால் ஊத்துறா?" என்று கேட்டிருக்கிறான். ஜேபஸ் ஒரே குத்தில் அவன் பல்லை உடைத்துவிட்டான். எங்கள் மடையன் வாயால் பதில் சொல்லியிருக்கக் கூடாதா?

பணியில் இருக்கும் அதிகாரியை அடித்தால் தூக்கு. பணியில் இல்லாதவனை அடித்தால் கசையடி. படகுக்குப் பொறுப்பாகத்தான் கரைக்கு வந்தேன் என்றான் க்ரோக்கர். படகு துறையில் கிடந்தது, இவன் கடையில் கிடந்தான். ஜேபஸின் உயிர் அந்த ஒரு கேள்வியில் தொங்கியது. விசாரிக்க அமர்ந்த ஏழு கேப்டன்களில் என் எஜமானும் ஒருவர்.

அன்று காலை அவருடைய நீலக் கோட்டைத் துலக்கிக்கொண்டே கேட்டேன். "பிரபு, அந்தப் பயலைக் காப்பாத்திடுவீங்கல்ல?"

"வாயை மூடு பிரிங். நான் இன்னைக்கு நீதிபதி."

"நீதிபதியா இருந்தா தொடையில இருக்கிற தழும்பு போயிடுமா?"

அவர் சிரித்துவிட்டார். "பயப்படாதேய்யா. கசையடியோட விட்டுடுவாங்க. மத்த ஆறு பேருக்குமே க்ரோக்கரைக் கண்டா ஆகாது."

எங்கள் கடற்படை நீதிமன்றத்தில் ஒரு வழக்கம் உண்டு. வாக்கை முதலில் சொல்ல வேண்டியவர் இளையவர். மூத்தவர்கள் சொன்னதற்கு அவர் தலையாட்டிவிடக் கூடாது என்பதற்காக. நல்ல வழக்கம்தான். அந்த இளையவரே டியூக்கின் மகனாக இருந்தால் என்ன ஆகும் என்று மட்டும் ஒருவரும் யோசிக்கவில்லை.

சாயங்காலம் திரும்பி வந்தவர் தொப்பியைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார். வாக்கு விவரத்தை வெளியே சொல்வதில்லை என்று சத்தியம் செய்தவர்தான். என்னிடம் சொல்லிவிட்டார்.

"க்ரோக்கர் பணியில இருந்தான்னு சொல்லிட்டேன், பிரிங்."

"ஏன் பிரபு?"

"என் ஆளு. எனக்காக அடிச்சவன். இல்லைன்னு சொன்னா, சொந்த ஆளைத் தப்பிக்க விட்டான்னு பேச மாட்டாங்களா? என் கை சுத்தமா இருக்கணும்னு பார்த்தேன். மிச்ச ஆறு பேரு அவனைக் காப்பாத்திடுவாங்கன்னு நினைச்சேன்." கையால் முகத்தை மூடிக்கொண்டார். "ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்தாங்க. அவனோட பழைய கேப்டனே, அதுவும் டியூக் மகனே சொல்லிட்டாரு, நாம ஏன் எதிர்த்துப் பேசணும்னு... ஒவ்வொருத்தரா ஆமாம்னு சொல்லிட்டாங்க."

எனக்கு அவரை அடிக்க வேண்டும் போல இருந்தது. பிராந்தி ஊற்றிக் கொடுத்தேன்.

குதிரை வண்டியை விரட்டிக்கொண்டு லண்டனுக்குப் போனார். வாழ்நாளில் முதன்முறையாக அப்பாவின் காலில் விழுந்தார். தலைமையகத்தில் கையை விரித்துவிட்டார்கள். ஏழு பேரும் ஒரே மனதாகச் சொன்ன தீர்ப்பை எப்படி மாற்றுவது என்று கேட்டார்களாம்.

தூக்குக்கு முந்தின நாள் ஜேபஸைப் பார்க்கப் போனேன். அவனுக்குப் பிடித்த திராட்சைக் களியைத் துணியில் சுற்றி எடுத்துப் போனேன். விலங்கோடு உட்கார்ந்து தின்றான்.

"இது களியாடா, பீரங்கிக் குண்டாடா? உன் சமையல் மட்டும் திருந்தவே இல்ல பிரிங்."

"தின்னுடா, பேசாம."

"பிரபு எப்படி இருக்காரு? பாவம், ஒத்த ஆளா எனக்காக மல்லுக்கு நின்னிருப்பாரு. அந்த ஆறு கிழட்டுப் பயலுங்க விட்டிருக்க மாட்டானுங்க. மனசு உடைஞ்சுடப் போறாரு, நீ கூடவே இரு. நான் நன்றி சொன்னேன்னு சொல்லு."

நான் தலையை ஆட்டினேன். வேறென்ன செய்வது?

காலையில் தூக்குக்கு அடையாளமான மஞ்சள் கொடி ஏறியது, பீரங்கி வெடித்தது. அவனோடு ஒரே தட்டில் தின்றவர்களே கயிற்றை இழுத்தார்கள். என் எஜமான் எங்கள் கப்பலின் தளத்தில் தொப்பியைக் கையில் பிடித்தபடி நின்றார். அவர் அறைக்கு வந்ததும் ஜேபஸ் சொன்னதை அப்படியே சொன்னேன். அடித்திருந்தாலும் அவருக்கு அவ்வளவு வலித்திருக்காது. சொல்லாமல் இருக்க என்னால் முடியவில்லை.

அதன்பின் அவர் வளர்ந்துகொண்டே போனார். இரண்டு போர்களில் வெற்றி, மார்பில் நட்சத்திரப் பதக்கம், கடைசியில் அட்மிரல். பிறகு வந்த கடற்படை நீதிமன்றங்களில் அவர்தான் தலைவர். இளையவரிடம் வாக்கைக் கேட்கும்போதெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொள்வார் என்று சொல்வார்கள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. சாப்பாட்டு மேசையில் சிரித்ததும் இல்லை. அந்த வெற்றிகளால் அவருக்கு ஒரு நாள் நல்ல தூக்கம் கிடைத்திருந்தால் நான் சந்தோஷப்பட்டிருப்பேன்.

வயதான காலத்தில், டியூக் பட்டத்துக்கு வந்த அண்ணனின் மாளிகையில் காய்ச்சலில் கிடந்தபோது என் கையைப் பிடித்தார். கண்கள் வேறெங்கோ பார்த்துக்கொண்டிருந்தன.

"பிரிங், நான்தான் முதல்ல சொல்லணுமா?"

"இல்ல பிரபு. இப்ப நீங்கதானே எல்லாருக்கும் மூத்தவரு. கடைசியாச் சொன்னாப் போதும்."

"பணியில இல்ல," என்றார். "க்ரோக்கர் பணியில இல்ல, பிரிங். எழுதிக்கச் சொல்லு."

"எழுதிக்கிட்டாங்க பிரபு," என்றேன்.

அவர் நம்பவில்லை. விடியும்வரை அதையே சொல்லிக்கொண்டிருந்தார்.